முதல் மொழியைத் தேடுவோருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள நண்பர்களுக்கு,

வணக்கம். "உலகின் முதல் மொழி எங்களுடையதுதான்" என்று கட்டுரை எழுதுகிறவர்கள், காணொளி போடுகிறவர்கள், மாநாட்டு மலர் வெளியிடுகிறவர்கள் எல்லாருக்கும் சேர்த்துத்தான் இந்த மடல். தமிழில் எழுதுவதால் தமிழர்களை மட்டும் சொல்கிறேன் என்று எண்ண வேண்டாம். சமற்கிருதத்துக்கும் எபிரேயத்துக்கும் அரபுக்கும் பாஸ்க்குக்கும் இதே உரிமையைக் கோரியவர்கள் உண்டு. ஆளுக்கொரு முதல் மொழி வைத்திருக்கிறீர்கள். ஒருவர் ஆதாரத்தை இன்னொருவர் படிப்பதில்லை என்பதால் பெரிய சண்டையும் வருவதில்லை.

உங்கள் ஆர்வத்தில் எனக்குக் குறை இல்லை. மனிதர் எப்படிப் பேசத் தொடங்கினார்கள் என்பது அறிவியலில் இன்றும் விடை தேடிக்கொண்டிருக்கும் கேள்விகளில் ஒன்று. அப்படிப்பட்ட கேள்வியை எடுத்துக்கொண்டு, "யார் மூத்தவர்" என்ற பங்காளித் தகராறாகச் சுருக்கிவிடுகிறீர்களே என்பதுதான் என் ஆதங்கம்.

உங்களுக்கு முன்னோடிகள் ஏராளம். கி.மு. 7ஆம் நூற்றாண்டில் எகிப்தை ஆண்ட சாமெட்டிக்கஸ் என்ற அரசர் செய்ததாக கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் ஒரு சோதனையை எழுதிவைத்திருக்கிறார். பிறந்த குழந்தைகள் இரண்டை ஓர் ஆட்டிடையனிடம் கொடுத்து, அவற்றின் காதில் ஒரு சொல்லும் விழக் கூடாது என்று உத்தரவு போட்டாராம். இரண்டு ஆண்டு கழித்துக் குழந்தைகள் கையை நீட்டி "பெக்கோஸ்" என்றன. விசாரித்ததில், இன்றைய துருக்கிப் பகுதியில் பேசப்பட்ட பிரிஜிய மொழியில் அது ரொட்டி என்று தெரிந்தது. ஆகவே பிரிஜியரே மூத்த குடி. அந்தக் குழந்தைகள் நாள் முழுக்கக் கேட்டது ஆடு கத்தும் சத்தத்தைத்தான் என்பது அரசருக்குத் தோன்றவில்லை போலும். ஆனாலும் ஒரு விஷயத்தில் அவரைப் பாராட்டத்தான் வேண்டும். முடிவு தன் எகிப்தியருக்கு எதிராக வந்தபோதும் ஏற்றுக்கொண்டார். உங்களில் ஒருவர் ஆராய்ந்து பார்த்துவிட்டு, "முதல் மொழி பக்கத்து நாட்டுக்காரருடையது" என்று எழுதியதை நான் இதுவரை படித்ததில்லை.

ஸ்காட்லாந்தின் நான்காம் ஜேம்ஸ், பேச முடியாத ஒரு பெண்ணோடு குழந்தைகளைத் தீவில் விட்டு வளர்த்ததாகவும் அவர்கள் நல்ல எபிரேயம் பேசியதாகவும் ஒரு கதை உலவியது. அக்பரும் இதைச் செய்து பார்த்தார். அதைப் பற்றிய பதிவுதான் இவற்றில் நம்பும்படி இருக்கிறது: பேச்சைக் கேட்காமல் வளர்க்கப்பட்ட குழந்தைகள் பேச்சில்லாமலேயே வளர்ந்தார்கள். குழந்தைகள்மேல் நடத்தப்பட்ட இந்தக் கொடுமையிலிருந்து ஒரு உண்மையாவது தெரிந்தது. எந்த மொழியும் மனிதர் உடம்புக்குள் தயாராக உட்கார்ந்திருக்கவில்லை.

16ஆம் நூற்றாண்டில் கோரோப்பியஸ் பெக்கானஸ் என்ற மருத்துவர் ஆதாம் பேசியது ஆண்ட்வெர்ப் பக்கத்து டச்சுதான் என்று நிறுவினார். அவர் வாதம் எளிமையானது: முதல் மொழியில் சொற்கள் குட்டையாக இருக்க வேண்டும், எங்கள் மொழியில் குட்டைச் சொற்கள் அதிகம். இவர் செய்த சொல்லாராய்ச்சியைக் கிண்டல் செய்வதற்காகவே ஜெர்மானிய அறிஞர் லைப்னிட்ஸ் இவர் பெயரிலிருந்து ஒரு வினைச்சொல்லை உண்டாக்கினார். 1930களில் துருக்கியில் "சூரிய மொழிக் கோட்பாடு" வந்தது. சூரியனைப் பார்த்து ஆதிமனிதர் எழுப்பிய ஒலியிலிருந்து ஆதித் துருக்கி பிறந்தது, அதிலிருந்து மற்ற மொழிகளெல்லாம் பிறந்தன என்றார்கள். அரசே முன்னின்று ஆதரித்தது. 1938இல் துருக்கியின் அதிபர் அத்தாத்துர்க் இறந்ததும் கோட்பாடும் படுத்துவிட்டது.

சரி, பழங்கதை போதும். உங்கள் வாதங்களுக்கு வருகிறேன்.

நீங்கள் முதலில் காட்டுவது கல்வெட்டும் பானை ஓடும் ஏடும். இவை எழுத்தின் வயதைச் சொல்லும். மொழியின் வயதைச் சொல்லாது. நமக்குத் தெரிந்தவற்றில் மிகப் பழைய எழுத்து, மெசபடோமியாவின் உருக் நகரத்துக் களிமண் பலகைகளில் கிடைத்தது. சுமார் 5,300 ஆண்டுப் பழமை. அதில் காவியம் எதுவும் இல்லை. பார்லி எவ்வளவு, ஆடு எத்தனை என்ற கணக்குவழக்குதான் பெரும்பாலும். எகிப்தின் எழுத்தும் ஏறத்தாழ அதே காலம். மனித இனத்தின் வயது என்ன? மொராக்கோவின் ஜெபெல் இர்ஹூதில் கிடைத்த எலும்புகளைப் பற்றி 2017இல் வெளியான ஆய்வு, நம் இனத்தின் ஆரம்ப வடிவத்தைச் சுமார் 3,00,000 ஆண்டுக்கு முன் கொண்டுபோனது. எழுத்து இருந்த காலம் அதில் ஐம்பதில் ஒரு பங்குகூட முழுசாக வராது. மீதிக் காலத்தில் மனிதர் பேசியதில் ஒரு சொல்கூட எங்கும் பதிவாகவில்லை.

இன்னொன்றையும் கவனியுங்கள். உருக்கில் எழுதப்பட்டதாகக் கருதப்படும் சுமேரியத்துக்கு இன்று வாரிசு கிடையாது. உறவு மொழி என்று உறுதியாகச் சொல்ல ஒன்றும் கிடையாது. மாறாக, லிதுவேனிய மொழியில் முதல் நூல் அச்சானது 1547இல்தான். எழுத்துச் சான்றை வைத்துப் பார்த்தால் அது நேற்றுப் பிறந்த பிள்ளை. ஆனால் ஐரோப்பிய மொழிகள் பலவும் எப்போதோ உதறிவிட்ட பழைய வேற்றுமை உருபுகளை அது இன்னும் வைத்திருக்கிறது. சமற்கிருதமும் ஐரோப்பிய மொழிகள் பலவும் சேர்ந்த இந்தோ-ஐரோப்பியக் குடும்பத்தின் பழைய வடிவத்தைத் தேடுகிறவர்கள் லிதுவேனிய உழவர்களின் பேச்சைத் தேடிப் போனார்கள். எழுத்து முந்துவதற்கும் மொழி முந்துவதற்கும் தொடர்பில்லை என்பதற்கு இதைவிட என்ன சொல்வது?

அடுத்து, "பழைய மொழி" என்ற பேச்சு. உங்கள் அம்மா அவருடைய அம்மாவிடம் கேட்டுப் பேசப் பழகினார். அவர் தம் அம்மாவிடம். இந்தச் சங்கிலி எங்கும் அறுந்ததில்லை. ஆங்கிலம் பேசுகிறவருக்கும் அப்படித்தான், எழுத்தே இல்லாத ஒரு மலைவாழ் மொழிக்காரருக்கும் அப்படித்தான். எந்தத் தலைமுறையிலும் ஒரு தாய் ஒரு மொழியும் அவள் பிள்ளை வேறொரு மொழியும் பேசி, "இன்று முதல் இது புது மொழி" என்று அறிவித்ததில்லை. கொஞ்சம் கொஞ்சமாக மாறியதன் நடுவே எங்கோ ஓரிடத்தில் பின்னால் வந்தவர்கள் கோடு போட்டுப் பெயர் வைத்தார்கள். சில மொழிகளுக்கு ஒரே பெயர் நீண்ட காலம் நீடித்தது. சிலவற்றுக்குப் பெயர் மாறியது. லத்தீனைப் பேசியவர்கள் ஒரு நாளும் பேச்சை நிறுத்தவில்லை. அவர்கள் பேச்சைத்தான் இன்று இத்தாலியம், பிரெஞ்சு, ஸ்பானியம் என்கிறோம். நம் தமிழில் பெயர் மாறவில்லை. அதற்காகச் சங்கப் பாட்டை உரையில்லாமல் படித்துப் புரிந்துகொள்கிறவர் எத்தனை பேர் என்று நீங்களே சொல்லுங்கள்.

இந்தத் தவறை நீங்கள் மட்டும் செய்வதில்லை. 2010 ஜனவரியில் அந்தமானில் போவா என்ற மூதாட்டி இறந்தார். அக்கா-போ மொழியைப் பேசிய கடைசி மனிதர். 65,000 ஆண்டுப் பழமையான மொழி அவரோடு போய்விட்டது என்று உலகம் முழுக்கச் செய்தி வந்தது. அந்தமான் மக்களின் மூதாதையர் மிகப் பழங்காலத்தில் ஆப்பிரிக்காவிலிருந்து வந்தவர்கள் என்பதை வைத்து, அவர்கள் மொழியும் அத்தனை காலமாக மாறாமல் உறைந்து கிடந்ததாக எழுதிவிட்டார்கள். அப்படியெல்லாம் எந்த மொழியும் உறைவதில்லை. அந்த மக்களும் தலைமுறை தலைமுறையாகப் புதுச்சொல் கட்டினார்கள், ஒலியை மாற்றினார்கள், கேலி பேசினார்கள். போவா இறந்தது பேரிழப்புதான். அதைச் சொல்ல 65,000 என்ற எண் தேவைப்பட்டிருக்கக் கூடாது.

அப்புறம் உங்கள் சொற்பட்டியல். எந்த மலரைத் திறந்தாலும் இது இருக்கிறது. இடப்பக்கம் உங்கள் சொல், வலப்பக்கம் தொலைதூர மொழி ஒன்றின் சொல், ஒலியும் பொருளும் கொஞ்சம் ஒத்துப்போகும், உடனே தீர்ப்பு. ஆஸ்திரேலியப் பழங்குடி மொழியான ம்பபாரத்தில் நாய்க்குச் சொல் "டாக்". ஆங்கிலத்தோடு அதற்கு எந்த உறவும் இல்லை, கடனும் இல்லை. மொழியியலாளர் டிக்சன் பக்கத்து மொழிகளோடு ஒப்பிட்டு, அந்த மொழிக்குள்ளேயே நடந்த ஒலி மாற்றங்களால் அது அப்படி ஆனது என்று காட்டினார். தற்செயல்தான். இன்று உலகில் ஏறக்குறைய 7,000 மொழிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் ஆயிரக்கணக்கில் சொற்கள். மனித வாய் எழுப்பக்கூடிய ஒலிகளோ சில நூறுக்குள்தான். இப்படித் தேடினால் ஒத்துப்போகும் சொல் கிடைக்காமல் இருந்தால்தான் அதிசயம்.

"அம்மா" உலகமெங்கும் ஒன்றுபோல் இருக்கிறதே என்பீர்கள். குழந்தை முதலில் குழறும் ஒலிகள் ம, ப, அ. அவற்றைத் தங்களைக் கூப்பிடுவதாகப் பெற்றோர் எடுத்துக்கொள்கிறார்கள் என்று மொழியியலாளர் ரோமன் யாக்கப்சன் விளக்கினார். ஜார்ஜிய மொழியில் "மாமா" என்றால் அப்பா, "தேதா" என்றால் அம்மா. உங்கள் பட்டியலில் ஜார்ஜியத்தை நான் பார்த்ததே இல்லை.

உண்மையான ஒப்பீட்டு முறைக்குத் தேவை ஒத்துப்போகும் சொல் மட்டும் இல்லை, ஒழுங்காகத் திரும்பத் திரும்ப வரும் வேற்றுமை. இந்த மொழியில் இந்த ஒலி வந்தால் அந்த மொழியில் எப்போதும் அந்த ஒலி என்று நூற்றுக்கணக்கான சொற்களில் காட்ட வேண்டும். அப்படித்தான் மொழிக்குடும்பங்கள் நிறுவப்பட்டன. அந்த முறைக்கும் ஓர் எல்லை உண்டு. சொற்கள் தேய்ந்து மாறி வழக்கொழிவதால், பத்தாயிரம் ஆண்டுக்கு அப்பால் போக மொழியியலாளர் பலரும் துணிவதில்லை. 1990களில் அமெரிக்காவின் மெரிட் ரூலன் உலக மொழிகள் அனைத்துக்கும் பொதுவான வேர்ச்சொற்கள் என்று சிலவற்றை முன்வைத்தார். அவர் எந்த ஒரு மொழிக்காகவும் வாதாடவில்லை, நிறையப் படித்தவர். அப்படியும் துறையில் பெரும்பாலோர் ஏற்கவில்லை. காரணம் மேலே சொன்ன தற்செயல்தான்.

ஆதி ஒலிகள் இன்றைய நெடுங்கணக்கில் அப்படியே இருக்கின்றன என்பதும் சந்தேகம். கீழுதட்டை மேற்பல்லில் வைத்து எழுப்பும் ஃப போன்ற ஒலிகள், உழவும் மென்மையான சமைத்த உணவும் வந்து பல் தேய்மானம் குறைந்த பிறகே பரவின என்று 2019இல் சயன்ஸ் இதழில் ஓர் ஆய்வு வந்தது. கடின உணவை மென்றவர்களுக்கு வயதாக ஆக மேற்பல்லும் கீழ்ப்பல்லும் நேருக்கு நேர் வந்துவிடும், அந்த வாயில் இவ்வொலிகளை எழுப்புவது சிரமம் என்பது வாதம். எல்லாரும் இதை ஒப்புக்கொள்ளவில்லை. ஆனால் பல்வரிசை மாறினால் ஒலிவரிசையும் மாறலாம் என்று யோசிக்கிற இடத்துக்கு ஆய்வு வந்திருக்கிறது. நீங்கள் இன்னும் பட்டியல் போட்டுக்கொண்டிருக்கிறீர்கள்.

இவ்வளவு குழப்பம் இருந்ததால்தான் பாரிஸ் மொழியியல் கழகம் 1866இல் தன் விதிகளில் ஒரு தடையே போட்டது: மொழியின் தோற்றம் பற்றியோ உலகப் பொதுமொழி உருவாக்கம் பற்றியோ எந்தக் கட்டுரையும் ஏற்கப்படாது. கோழைத்தனம் என்று இதைச் சொல்வோர் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. விலங்குச் சத்தத்தைப் போலச் செய்ததில் பேச்சு பிறந்தது, வலியில் கத்தியதில் பிறந்தது என்று ஆளுக்கொன்று சொல்லிக்கொண்டிருந்தார்கள், சரிபார்க்க ஒரு வழியும் இல்லை. கதவைச் சாத்தியது நியாயம்தான். பிறகு கதவு திறந்தது, புதுச் சான்றுகள் வந்ததால்.

எலும்பிலிருந்து வந்த சான்றுகளை விரைவாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எதிர்பார்த்த அளவு அவை கைகொடுக்கவில்லை. 1983இல் இஸ்ரேலின் கெபாரா குகையில் நமக்கு நெருங்கிய, அழிந்துபோன இனமான நியாண்டர்தால் மனிதரின் 60,000 ஆண்டுப் பழைய நாவடி எலும்பு கிடைத்தது. நம்முடையதைப் போலவே இருந்தது. குரல்வளை கீழே இறங்கியதால்தான் மனிதருக்குப் பேச்சு வந்தது என்று முன்பு நம்பினார்கள். ஆண் செம்மான்களுக்கும் அது இறங்கித்தான் இருக்கிறது என்று பின்னர் தெரிந்தது. மக்காக் குரங்கின் தொண்டையை எக்ஸ்ரே காணொளியில் அளந்து 2016இல் வெளியிட்ட ஆய்வு, புரியும்படி பேசப் போதுமான ஒலிகளை அந்தத் தொண்டையாலேயே எழுப்ப முடியும் என்றது. குறை தொண்டையில் இல்லை, அதை ஆட்டுவிக்கும் மூளையில். விக்கி என்ற சிம்பன்சியை ஓர் அமெரிக்கத் தம்பதி சொந்தப் பிள்ளைபோல் வளர்த்துப் பாடுபட்டும் நாலு சொல்லுக்கு மேல் அதற்கு வரவில்லை.

மரபணுவும் அப்படித்தான். பேச்சில் கடும் சிக்கல் தலைமுறைகளாகத் தொடர்ந்த ஒரு லண்டன் குடும்பத்தை ஆராய்ந்து, 2001இல் ஃபாக்ஸ்பி2 என்ற மரபணுவைக் கண்டுபிடித்தார்கள். நாளிதழ்கள் "மொழி மரபணு" என்று கொண்டாடின. 2007இல் பார்த்தால், மனிதருக்கே உரியவை என்று எண்ணியிருந்த அதே இரண்டு மாற்றங்கள் நியாண்டர்தாலிடமும் இருந்தன. எலி, பறவை எல்லாவற்றிலும் அந்த மரபணுவின் ஒரு வடிவம் இருக்கிறது. ஒற்றை மரபணுவில் மொழி இல்லை.

மொழி எப்போது தோன்றியது என்பதில் அறிஞர்களுக்குள்ளேயே பெரிய இடைவெளி இருக்கிறது. மொழியியலாளர் நோம் சாம்ஸ்கி தரப்பினர் ஒரு லட்சம் ஆண்டுக்குச் சற்று முன்பின்னாக, ஏறக்குறைய திடீரென்று என்கிறார்கள். டெடியூ, லெவின்சன் என்ற ஆய்வாளர்கள் இருவரும் 2013இல் ஐந்து லட்சம் ஆண்டு வரை பின்னுக்குப் போகலாம், நியாண்டர்தாலும் பேசியிருப்பார்கள் என்று வாதிட்டார்கள். என் சாய்வு இரண்டாவது பக்கம். இத்தனை உறுப்புகளும் திறமைகளும் ஒரே வீச்சில் வந்து சேர்ந்தன என்பது எனக்குச் செரிக்கவில்லை. எந்தக் கணக்கை எடுத்தாலும், உங்கள் ஐயாயிரமும் பத்தாயிரமும் அந்த எண்களுக்குப் பக்கத்தில்கூட நிற்காது.

இனி நான் உங்களுக்குச் சொல்ல வந்த முக்கியமான சங்கதி. மொழியின் பிறப்பைப் பார்க்க ஆசையா? முதல் மொழியைத் தேடாதீர்கள், கடைசியாகப் பிறந்த மொழிகளைப் பாருங்கள். அவற்றுக்குத்தான் பிறந்த காலம் தெரியும். பிறப்பை நேரில் பார்த்தவர்களும் இருக்கிறார்கள்.

நிகராகுவாவில் 1970களின் கடைசி வரை காது கேளாதவர்கள் தங்கள் தங்கள் வீட்டிலேயே தனித்தனியாக இருந்தார்கள். ஒவ்வொரு வீட்டிலும் சாப்பிட, தூங்க, வா, போ என்பதற்கு நாலு சைகை இருக்கும், அந்த வீட்டுக்கு மட்டும் புரியும். 1977இல் தலைநகர் மனாகுவாவில் சிறப்புக் கல்வி மையம் ஒன்று தொடங்கியது. 1979 புரட்சிக்குப் பிறகு அது விரிந்தது, பதின்வயதினருக்கு இன்னொரு தொழிற்பள்ளியும் வந்தது. 1980களின் தொடக்கத்தில் நூற்றுக்கணக்கான பிள்ளைகள் அங்கே சேர்ந்துவிட்டார்கள். ஆசிரியர்கள் உதட்டசைவைப் பார்த்து ஸ்பானியம் படிக்கக் கற்றுக்கொடுக்க முயன்றார்கள். அது பலிக்கவில்லை. ஆனால் விளையாட்டுத் திடலிலும் பேருந்திலும் பிள்ளைகள் தங்களுக்குள் கையை ஆட்டிக்கொண்டே இருந்தார்கள். ஆசிரியர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. 1986இல் கல்வி அமைச்சகம் அமெரிக்க மொழியியலாளர் ஜூடி கெகலை அழைத்தது. அவர் வந்து பார்த்தது, ஆசிரியரும் அகராதியும் இல்லாமல் பிள்ளைகள் கூடி உண்டாக்கிக்கொண்டிருந்த ஒரு மொழியை.

இதில் என்னை அசரவைப்பது வயது விஷயம். முதலில் வந்த பெரிய பிள்ளைகளின் சைகை பாவனைக்கு நெருக்கமாக இருந்தது. பின்னால் வந்த சிறு பிள்ளைகள் அதைப் பார்த்துக் கற்றார்கள், ஆனால் பார்த்ததைவிடச் செம்மையாகத் திருப்பித் தந்தார்கள். ஆன் செங்காஸும் அவருடைய குழுவினரும் 2004இல் வெளியிட்ட ஆய்வு இதை அழகாகக் காட்டியது. ஒரு கார்ட்டூன் பூனை உருண்டு சரிவில் இறங்குகிறது, அதைச் சொல்லச் சொன்னார்கள். காது கேட்கிற நிகராகுவாக்காரர்கள் ஸ்பானியம் பேசும்போது கையைச் சுழற்றிக்கொண்டே கீழே கொண்டுபோனார்கள், கண்ணால் பார்த்தபடியே. முதல் தலைமுறைப் பிள்ளைகளும் பெரும்பாலும் அப்படித்தான். இளைய தலைமுறையோ "உருளுதல்" என்று ஒரு சைகை, அடுத்து "இறங்குதல்" என்று ஒரு சைகை, தனித்தனியாக வைத்தார்கள். உலகத்தில் உருளுவதும் இறங்குவதும் ஒன்றாகத்தான் நடக்கிறது, யாரும் அதைப் பிரித்துப் பார்ப்பதில்லை. பிள்ளைகள் பிரித்தார்கள். பிரித்துவிட்டால் "உருண்டு ஏறியது", "நடந்து இறங்கியது" என்று வேண்டியபடி சேர்த்துக்கொள்ளலாம் அல்லவா? மனித மொழி எல்லாவற்றுக்கும் அடிப்படையான வேலை இதுதான். அதை யாரும் அவர்களுக்குச் சொல்லித்தரவில்லை.

அக்பரின் குழந்தைகளிடம் இது நடக்கவில்லை, மனாகுவாவில் நடந்தது. ஏன்? அங்கே பல பிள்ளைகள் ஒருவரோடொருவர் ஓயாமல் எதையாவது சொல்லிக்கொள்ள விரும்பினார்கள். அடுத்தடுத்துப் புதிய சிறு பிள்ளைகள் வந்துகொண்டே இருந்தார்கள். கூட்டமும் தலைமுறையும் சேர வேண்டும் போலிருக்கிறது.

இஸ்ரேலின் நெகேவ் பாலைவனத்தில் அல்-சய்யித் என்ற, பெதுவின் எனப்படும் பாலைவன அரபு மக்களின் கிராமம் இருக்கிறது. பரம்பரையாக வரும் காது கேளாமையால் அங்கே மூன்று தலைமுறையில் ஒரு சைகை மொழி உருவானது. காது கேட்கிறவர்களும் அதைப் பேசுகிறார்கள். அதில் எழுவாய், செயப்படுபொருள், கடைசியில் வினை என்ற வரிசை தானாக வந்திருக்கிறது. சுற்றிப் பேசும் அரபிலும் எபிரேயத்திலும் அப்படி இல்லை. இன்னொரு வியப்பு: நம் சொற்கள் க், அ, ல் என்று பொருளற்ற சிறு ஒலிகளால் கட்டப்பட்டவை, வளர்ந்த சைகை மொழிகளிலும் இதற்கு இணையான சிறு கூறுகள் உண்டு. அல்-சய்யித் மொழியில் அந்த அடுக்கு இன்னும் முழுதாக உருவாகவில்லை, ஒரே பொருளுக்கான சைகை குடும்பத்துக்குக் குடும்பம் மாறுகிறது என்று ஆய்வாளர்கள் கண்டார்கள். ஆனாலும் அது மொழிதான். தொடர் அமைப்பு முந்திக்கொண்டது, ஒலியமைப்புக்கு இணையானது மெல்லப் பின்னால் வருகிறது. மொழி மொத்தமாக ஒரே நாளில் வந்து இறங்கவில்லை, பகுதி பகுதியாக வரும் என்பதற்கு இதைவிடக் கண்கூடான சாட்சி எங்கே இருக்கிறது?

வினை கடைசியில் என்றதும் உங்களில் சிலர் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பீர்கள். 2008இல் சூசன் கோல்டின்-மெடோ குழுவினர் ஆங்கிலம், சீனம், ஸ்பானியம், துருக்கி பேசுகிறவர்களிடம் பேசாமல் சைகையால் மட்டும் ஒரு நிகழ்ச்சியைச் சொல்லச் சொன்னபோதும் எல்லாரும் செயலைக் கடைசியில்தான் வைத்தார்கள். "பார்த்தீர்களா, எங்கள் மொழி அமைப்புதான் ஆதி அமைப்பு" என்று தயவுசெய்து தொடங்கிவிடாதீர்கள். உலக மொழிகளில் பாதிக்குச் சற்றுக் குறைவானவற்றுக்கு இந்த வரிசைதான். ஜப்பானியருக்கும் உரிமை, பாஸ்க்காரருக்கும் உரிமை, கூட்டம் பெரிது.

எடின்பரோவில் சைமன் கர்பி குழுவினர் ஆய்வுக்கூடத்திலேயே இதன் ஒரு சிறு பகுதியை நடத்திக் காட்டினார்கள். நிறமும் வடிவமும் அசைவும் கொண்ட படங்களுக்கு அர்த்தமில்லாத சொற்களைக் கொடுத்து ஒருவரைக் கற்கச் சொன்னார்கள். அவருக்கு நினைவிருந்ததை, தவறுகளோடு, அடுத்தவருக்குக் கற்பித்தார்கள். இப்படிப் பத்துக் கைகள் மாறின. ஒரு சொல்லே பல படங்களுக்கு வருவதை மட்டும் இடையிடையே வடிகட்டினார்கள். கடைசியில் பார்த்தால் சொல்லின் முன்பகுதி நிறத்தையும் நடுப்பகுதி வடிவத்தையும் பின்பகுதி அசைவையும் குறிக்கத் தொடங்கியிருந்தது. அதில் கலந்துகொண்டவர் யாரும் இலக்கணம் செய்ய உட்காரவில்லை. எல்லாரும் தாங்கள் படித்ததை ஒப்பிப்பதாகவே நினைத்தார்கள். நினைவில் நிற்காதது உதிர்ந்தது, ஒழுங்காக இருந்தது தங்கியது.

இதையெல்லாம் வைத்துப் பார்த்தால் "முதல் மொழி" என்று ஒரு நாள், ஓர் ஊர், ஒரு பெயர் இருந்திருக்குமா என்பதே ஐயம். குரலும் கையும் முகமும் சேர்ந்து, எங்கெங்கோ, பல ஆயிரம் தலைமுறைகளில், சிறு சிறு கூட்டங்களில் அது கூடிவந்திருக்க வேண்டும். சில கூட்டங்கள் அழிந்தபோது அவர்கள் உண்டாக்கியதும் அழிந்திருக்கும். மிஞ்சியவற்றின் வாரிசுகள் நாம் எல்லாரும்தான்.

இனி என் வேண்டுகோள்கள்.

ஒரு மொழிக்கு நீண்ட எழுத்து வரலாறு இருந்தால் அதை அப்படியே சொல்லுங்கள்: இன்ன நூற்றாண்டு முதல் சான்று இருக்கிறது, இடையறாமல் இலக்கியம் இருக்கிறது, இன்றும் மக்கள் பேசுகிறார்கள். உலகில் மிகச் சில மொழிகளுக்கே வாய்த்த பேறு அது. அதற்குமேல் ஒரு "முதல்" ஒட்டினால், உண்மையான பெருமையையும் படிக்கிறவர் சந்தேகப்பட ஆரம்பிப்பார்.

சைகை மொழிகளை உங்கள் மாநாடுகளுக்குள் விடுங்கள். மொழி என்று நீங்கள் பேசும் ஒவ்வொரு மேடையிலும் அவை விடுபட்டுப்போகின்றன. மொழி எப்படிப் பிறக்கிறது என்று கண்ணால் காட்டியவர்களோ அந்தப் பிள்ளைகள்தாம்.

7,000 மொழிகளில் ஏறக்குறைய ஐந்தில் இரண்டு பங்கு அழியும் ஆபத்தில் இருக்கின்றன. அவற்றில் பலவற்றுக்கு ஒழுங்கான அகராதிகூடக் கிடையாது. உங்களுக்குச் சொல் சேர்க்கும் பொறுமை இருக்கிறது, நேரம் இருக்கிறது, பதிப்பிக்க ஆளும் இருக்கிறது. அந்த உழைப்பில் பாதியை இப்படி ஒரு மொழியின் கிழவர் ஒருவரிடம் உட்கார்ந்து பதிவுசெய்யச் செலவிட்டால், உங்கள் கட்டுரைகள் எல்லாவற்றையும்விட அது நீண்ட நாள் நிற்கும்.

கடைசியாக ஒன்று. அடுத்த சொற்பட்டியலை அச்சுக்கு அனுப்புமுன் ஒரு சோதனை செய்யுங்கள். உங்கள் மொழியோடு உறவே இருக்க முடியாது என்று நீங்களே நம்பும் ஒரு மொழியின் அகராதியை எடுங்கள். பட்டியல் போட்டபோது ஒலியிலும் பொருளிலும் எவ்வளவு தளர்வு காட்டினீர்களோ அதே தளர்வோடு அதிலும் தேடுங்கள். கிடைக்கும் எண்ணிக்கையை உங்கள் பட்டியலின் எண்ணிக்கைக்குப் பக்கத்தில் அச்சிடுங்கள். இரண்டுக்கும் பெரிய வித்தியாசம் இருந்தால், நான் முழுக்கப் படிக்கிறேன், பதிலும் எழுதுகிறேன்.

அன்புடன்,
மொழியில் ஆர்வமுள்ள ஒரு வாசகர்